பொட்டில்லாத முகம்

1. ஒட்டினேன்

கோடம்பாக்கத்தில் இருபத்திரண்டு வருஷம் நெகட்டிவ் கட்டிங் வேலை பார்த்தேன். எடிட்டர் முடிவு செய்தபடி ஒரிஜினல் ஃபிலிமை வெட்டி ஒட்ட வேண்டும். வெள்ளைக் கையுறை போட்டுக்கொண்டு பெரும்பாலும் பெண்கள்தான் செய்வோம்.

ஒரு சின்ன பட்ஜெட் படம். சென்சார் முடிந்த மறுநாள் புரொடியூசர் ஒரு ரோலோடு வந்தார். யாரோ ஒரு பெண்ணை வைத்து, அவள் முகம் தெரியாமல் எடுத்த கட்டில் காட்சி. கதாநாயகி வசுமதி அந்தப் படப்பிடிப்புக்கே போகவில்லை.

"புருஷன் செத்து அழுவுற சீன்ல, வசுமதி கண்ண மூடிக்கினு ஒரு குளோசப் கீது பாரு. அத்த இந்த ரோலுக்கு நடுவுல நடுவுல போட்டு, முதலிரவு சீனோட ஒட்டிடும்மா."

"அந்தம்மாவுக்குத் தெரியுமா சார்?"

"தெரிஞ்சு இன்னா ஆவப்போவுது? ஒட்டு."

வேலை போய்விடுமே என்று ஒட்டினேன். படம் ஓடியது. வசுமதிக்கு நிச்சயமாகியிருந்த கல்யாணம் நின்றுபோனது. துண்டால் முகத்தை மூடிக்கொண்டு தியேட்டருக்குப் போனவர்கள்தான் அவரை ஒழுக்கம் கெட்டவர் என்றார்கள். நான் வாயைத் திறக்கவில்லை.

2. எடுக்க வைத்தேன்

போன மாதம், பழைய படங்களை டிஜிட்டலாக மாற்றும் தி.நகர் அலுவலகம் ஒன்றில் ரீல்களை அடையாளம் காட்டக் கூப்பிட்டார்கள். அதே படம்.

"இப்ப மக்களோட பார்வையே மாறிடுச்சு மேடம். செக்ஸ் ஒண்ணும் அசிங்கம் இல்ல. இவங்க அப்பவே எவ்ளோ போல்டா நடிச்சிருக்காங்க, பாருங்க. டிரெய்லரே இதான்," என்றார் அங்கே பொறுப்பிலிருந்த இளைஞர்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆசை அசிங்கமில்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அன்று திட்டியவர்களும் வசுமதியைக் கேட்கவில்லை, இன்று பாராட்டுகிறவர்களும் கேட்கவில்லை. அப்புறம் என்ன பெரிய மாற்றம்?

கொட்டிவாக்கத்தில் இருக்கும் வசுமதிக்கு அங்கிருந்தே போன் போட்டு, ஸ்பீக்கரில் வைத்து, ஒட்டியது நான்தான் என்று சொன்னேன்.

"நடிச்சிருந்தா ஆமா, நடிச்சேன்னு சொல்லிட்டுப் போயிருப்பேன். நடிக்கலையே. சொன்னேன், ஒருத்தரும் நம்பல," என்றார்.

படத்தை நிறுத்தி நிறுத்தி அந்த இளைஞருக்குக் காட்டினேன். முதலிரவு அறைக்குள் வரும் வசுமதிக்குத் தலை நிறையப் பூ, நெற்றியில் பெரிய பொட்டு. குளோசப்பில் பூவும் இல்லை, பொட்டும் இல்லை. அது தாலி அறுத்தவளாக அழுத முகம்.

"இத்தனை வருஷமா இத யாருமே கவனிக்கலையா மேடம்?"

"முகத்த யார் பாத்தா?" என்றேன்.

அவர் அந்த ஒட்டுக் காட்சியை என் கண் முன்னாலேயே படத்திலிருந்து எடுத்தார். வசுமதி எனக்கு நன்றி சொல்லவில்லை. சொல்ல வேண்டியதும் இல்லை.

எடிட்டிங் படிக்கிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன். ஒருவர் முகத்தை இன்னொருவர் உடம்போடு சேர்க்கச் சொன்னால், முகத்துக்கு உரியவரைக் கேளுங்கள். அன்று நானும் கேட்டேன். ஆனால் புரொடியூசரைக் கேட்டேன்.