ஸ்தெபான் சாகும் மாலைகள்

காலையில் பால் போத்தலோடு படியில் எதிர்ப்பட்டு வணக்கம் சொன்ன அயலவர், அன்று மாலையே நம் வீட்டுத் தொலைக்காட்சியில் சுடப்பட்டு விழுவதைப் பார்த்திருப்பது எத்தகையது என்று ஊரிலுள்ளவர்களுக்கு விளக்குவது கடினம். எண்பதுகளின் பிற்பகுதியில் லண்டனின் ஸ்ட்ரெதமில் நாங்கள் குடியிருந்த வீட்டின் மேல்மாடியில் ஸ்தெபான் என்ற போலந்து நடிகர் இருந்தார். ஆங்கிலத் தொடர்களில் அவர் ருஷ்ய உளவாளி, எல்லைக் காவலன், கூலிக் கொலைகாரன். எந்த வேடமானாலும் பாதிக் கதையில் இறந்துவிடுவார்.

முதல்முறை அவர் இறந்தபோது என் மனைவி பரமேஸ்வரி எழுந்துபோய் அடுப்பை அணைத்தாள்.

"இஞ்சாருங்கோ, ஒருக்கா மேலை போய்ப் பாத்திட்டு வாங்கோ."

"அது நடிப்பப்பா."

"ஓம், எனக்குத் தெரியாதே? ஆள் கதவு திறந்தாத்தான் நான் அடுப்பு மூட்டுவன்."

வெறுங்கையோடு போகக்கூடாதென்று ஒரு தட்டுப் பிட்டும் தந்தாள். ஸ்தெபான் கதவைத் திறந்து, "இன்று உங்கள் பண்டிகையா?" என்றார். "இல்லை, நீங்கள் இறந்துவிட்டீர்கள்" என்றேன். ஆங்கிலத்தில் அது நான் எண்ணியதைவிடக் கடுமையாக ஒலித்தது. அவர் சற்று யோசித்தார். "விளம்பரத்துக்கு முன்னரா, பின்னரா?"

"முன்னர்."

"அதுதான் என் விதி. முன்னர் சாகிறவனுக்குப் பெயர் வைக்கமாட்டார்கள்."

உண்மைதான். முடிவில் ஓடும் பெயர்களுக்கிடையே அவர் எப்போதும் 'இரண்டாவது காவலன்'. இளமையில் வார்சோ மேடைகளில் நடித்தவர் அவர். பெயருள்ள ஒரு வேடத்தைத் தன் மொழியில் இன்னொருமுறை நடிக்கவேண்டும் என்பதைத் தவிர அவருக்கு வேறு ஆசை இருந்ததாகத் தெரியவில்லை.

அவள் என்னை அனுப்பிய காரணத்தை நான் அவருக்குச் சொல்லவில்லை. யாழ்ப்பாணத்தில் அயலில் பிரேதம் கிடக்கையில் அடுப்பு மூட்டுவதில்லை. உடல் புறப்பட்ட பின்னரே மூட்டுவோம். நாங்கள் லண்டன் வருமுன், எங்கள் ஒரே மகனை இராணுவச் சுற்றிவளைப்பொன்றில் கொண்டுபோனார்கள். இறந்தான் என்ற செய்தி வந்தது, உடல் வரவில்லை. அயலவர்கள் சோறு கொண்டுவந்து தந்துகொண்டேயிருந்தார்கள். வராத உடல் எப்போது புறப்படும், எங்கள் அடுப்பை எப்போது மூட்டலாம் என்று பெரியவர்கள் எவருக்கும் சொல்லத் தெரியவில்லை. ஒருநாள் காலை பரமேஸ்வரி எவரையும் கேளாமல் மூட்டினாள். அதன் பின்னர், தீக்குச்சியை உரசும் ஒவ்வொரு முறையும் அவள் கை ஒருகணம் தயங்கும்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அவளும் போனாள். தகனச்சாலையில் ஸ்தெபான் பின்வரிசையில் நின்றார். மறுநாள் பீட்ரூட் சூப்போடு என் கதவைத் தட்டி, "நீங்கள் திறக்கிறீர்களா என்று பார்க்க வந்தேன்" என்றார். நான் சொல்லாததை அவள் எப்போதோ சொல்லியிருக்கிறாள்.

போலந்தில் ஆட்சி மாறி, சோவியத் ஒன்றியமும் உடைந்திருந்ததால் இங்கே ருஷ்ய வில்லன்களுக்குத் தேவை குறைந்தது. வார்சோவிலிருந்து அழைப்பு வந்ததும் முடிக்கு மையடித்துக்கொண்டு ஸ்தெபான் புறப்பட்டார். எண்ணியதைவிட விரைவாகத் திரும்பிவந்தார். அவருடைய போலிஷ் பேச்சு பழையதாகவும் லண்டன் கலந்ததாகவும் இருக்கிறதென்று அங்கே சொல்லிவிட்டார்களாம்.

"வேடம் தரவில்லையா?"

"தந்தார்கள். இம்முறை பெயரும் இருந்தது." சிரித்தார். "ஓர் இங்கிலாந்துக்காரனின் பெயர்."

சென்ற குளிர்காலத்தில் ஸ்தெபான் நித்திரையிலேயே இறந்தார். செய்தி அறிந்ததும் நான் அடுப்பை அணைத்துவிட்டு வாசலில் நின்றேன். கறுப்பு உடையணிந்த இருவர் அவரைப் படிவழியே இறக்கினர். "நீங்கள் உறவினரா, சேர்?" என்றார் ஒருவர்.

"இல்லை. அடுப்பு மூட்டக் காத்திருக்கிறேன்."

"காஸ் வரவில்லையா?" என்று பரிவோடு கேட்டார்.

வண்டி தெருமுனையில் திரும்பி மறைந்தது. முறைப்படி இனி மூட்டலாம். உள்ளே வந்து தீக்குச்சியை எடுத்தேன். இங்கே ஓர் உடல் புறப்பட்டுவிட்டது. அங்கே ஒன்று இன்னும் புறப்படவில்லை. என்னிடம் இருப்பதோ ஒரே அடுப்புத்தான்.