வேலிக்கு இப்பால் வந்த செண்பகக் கொப்பு

அயலவரின் மரக்கொப்பு நம் காணிக்குள் வந்தால் முதலில் அவருக்கு எழுத்தில் அறிவிக்க வேண்டும். அவர் அசையாவிட்டால் உரிய அரசாங்கக் கந்தோருக்கு விண்ணப்பிக்க வேண்டும். அனுமதி கைக்கு வந்த பிறகே, அதுவும் எல்லைவரை மட்டுமே, வாளை வைக்கலாம். அப்படியொரு கந்தோரில் வேலை செய்த காலம் முழுவதும் இதை மற்றவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன். ஓய்வுபெற்று ஸ்கந்தபுரத்தில் இருந்தபோது எனக்கு வாய்த்த அயலவர் என் சகலன், மனைவியின் தங்கையைக் கட்டியவர்.

தொண்ணூறாம் ஆண்டு மாரிக்கு, கனகராயன்குளத்திலிருந்து இரண்டு செண்பகக் கன்றுகளைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு வந்தவரும் அவர்தான். "அண்ணை, நீங்கள் முதல் எடுங்கோ" என்றார். நேராக, உயரமாக நின்றதை எடுத்தேன். கோணலாக நின்றது அவருக்குப் போயிற்று.

என் மரத்தை முறைப்படி வளர்த்தேன். ஒன்றோடொன்று உரசும் கொப்புகளை அடியோடு ஒட்ட அறுத்து, வெட்டு வாயில் சாணமும் களிமண்ணும் குழைத்துப் பூசினேன். செண்பகத்தைப் பூத்து முடிந்த பிறகே கவாத்துச் செய்யவேண்டும் என்பது விதி. பூக்காத மரத்துக்கு அது எந்த மாதம் என்று விதியில் இல்லை. எனவே மாரிக்கு முன்னர் வெட்டினேன். சகலன் தன் மரத்தை ஒருநாளும் தொடவில்லை. மீன் கழுவிய தண்ணீரை ஊற்றியதோடு சரி. யூரியா என்று வாயைத் திறந்தாலே குண்டு செய்யவோ என்று சந்தேகமாகப் பார்த்த சண்டைக் காலம் அது. மீன் தண்ணீருக்கு யாரும் தடை போடவில்லை.

நாலாம் வருடம் அவருடைய மரம் பூத்தது. கோணலாக வளர்ந்ததால் பூத்த கொப்பு வேலியைத் தாண்டி எங்கள் முற்றத்துக்கு மேலே நின்றது. விடியற்காலையில் என் மனைவி அதன் கீழே போய் நின்று, விழுந்த பூக்களைப் பொறுக்கிச் சாமி விளக்கடியில் வைப்பாள். வீடெல்லாம் சகலனின் வாசம். நான் வேண்டியது பெரிதாக ஒன்றுமில்லை. அந்த விளக்கடியில் என் மரத்துப் பூ ஒன்று இருக்கவேண்டும், அவ்வளவுதான்.

"மரத்தை ஒருக்கால் வெருட்டிப் பாருங்கோவன்" என்றாள் மனைவி.

காய்க்காத, பூக்காத மரத்துக்கு எங்கள் பக்கத்தில் செய்வதுதான். ஒருவர் கோடரியோடு போய் வெட்டப்போவதாக மிரட்ட, இன்னொருவர் குறுக்கே வந்து மரத்துக்காகப் பொறுப்பு நிற்பார். பிறகு மரம் பூத்தால் முதற்பூ பொறுப்பு நின்றவருக்கு. நடைமுறை தெளிவாக இருந்ததால் சம்மதித்தேன். பொறுப்பு நிற்பவள் மனைவிதான் என்பதையும் முன்கூட்டியே உறுதிப்படுத்திக்கொண்டேன்.

கோடரியை ஓங்கினேன். "வாற வருசமும் பூக்காட்டி அடியோடை வெட்டிப்போடுவன்!"

"ஐயோ, வேண்டாமப்பா! பூக்கும், நான் பொறுப்பு!" என்றாள் மனைவி, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

வேலிக்கு மேலால் சகலனின் தலை தெரிந்தது. "என்ன அண்ணை, மரத்துக்கு விளக்கம் கேட்டுக் கடிதம் குடுக்காமல் நேரை தண்டனையோ? அது பாவம், சட்டம் படிச்ச மரம், கட்டளை வந்தால்தான் பூக்கும். விடுங்கோ, நானும் பொறுப்பு!"

"உம்மை ஆர் கேட்டது?"

"மரம்தான் கேட்டது அண்ணை."

அடுத்த வருடம் என் மரம் பூத்தது. ஒரேயொரு பூ, உச்சிக் கொப்பில். கொக்கத்தடியால் பறித்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டு குசினிக்குப் போனேன். மனைவி அதை வாங்கி முகர்ந்தாள். விளக்கடிக்குப் போகவில்லை, படலையைத் திறந்தாள்.

"எங்கை போறாய்?"

"தம்பியும் பொறுப்பு நிண்டவரெல்லோ. என்ரை பங்கையும் அவருக்கே விட்டுட்டன். எங்களுக்குத்தான் அவரின்ரை பூ நாளாந்தம் விழுகுதே."

வேலிக்கு அப்பால் சகலனின் குரல் கேட்டது. "அக்கா, பூ நல்ல பூதான். ஆனால் மணம் கொஞ்சம் கந்தோர் மணம்!" இரண்டு சகோதரிகளும் சிரித்த சிரிப்பில் என் மனைவியின் சிரிப்பே உரத்துக் கேட்டது.

அன்றே சகலனுக்கு எழுத்தில் அறிவித்தல் கொடுத்தேன். "கொப்புக்கு வாசிச்சுக் காட்டினனான் அண்ணை, அது ஒண்டும் சொல்லேல்லை" என்றார். அடுத்த நாள் வவுனியாக் கந்தோருக்கு விண்ணப்பித்தேன். வாளைத் தீட்டி எண்ணெய் பூசி அலுமாரிக்கு மேலே வைத்தேன். என் மரம் அதற்குப் பிறகு பூக்கவில்லை. சகலனின் கொப்பு இன்னும் ஒரு முழம் உள்ளே வந்தது. சண்டையால் வவுனியாத் தபால் எப்போதாவதுதான் வந்தது; தபால்காரர் வரும் நாட்களில் படலையடியில் நின்றேன்.

ஒருநாள் பதில் வந்தது. என் கோரிக்கை நியாயமானது, எல்லைவரை வெட்டலாம் என்று எழுதியிருந்தார்கள். கையொப்பம், முத்திரை எல்லாம் சரி. உள்ளே போய் வாளை எடுத்துவந்தேன். மனைவி கொப்பின் கீழே குனிந்து, விளக்குக்குப் பூப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். சகலன் வேலியடிக்கு வந்து கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"அனுமதி வந்திட்டுதோ அண்ணை? அப்ப வெட்டுங்கோ. நான் ஒண்டும் சொல்லமாட்டன்."

அவருக்கு வாசித்துக் காட்டுவதற்காகக் கடிதத்தை மறுபடி விரித்தேன். கடைசி வரியை அப்போதுதான் பார்த்தேன். இக்கடிதத் திகதியிலிருந்து ஒரு மாதத்துக்குள் வெட்டாவிடின் அனுமதி செல்லுபடியற்றது, புதிதாக விண்ணப்பிக்க வேண்டும். அப்படி ஒரு வரியை நானே எத்தனையோ பேருக்கு எழுதி அனுப்பியிருக்கிறேன். மேலே இருந்த திகதி தை மாதத்துக்குரியது. என் கைக்கு அது கிடைத்தது 1996ஆம் ஆண்டு வைகாசி மாதம் 17ஆம் திகதி, வெள்ளிக்கிழமை.