மூலை அறை மிஷின்

நோய்களிலேயே இந்தப் பூஞ்சையைப் போல் நான் கேவலமாக நினைப்பது வேறொன்று இல்லை. டெங்கு வந்தால் எழுந்து நடமாடுகிறவனையே அடித்துப் போடும். இதற்கு அந்தத் துணிச்சல் கிடையாது. நல்ல உடம்புக்காரன் தோலில் பேசாமல் ஒட்டிக்கொண்டு கிடக்கும். வயிற்றைக் கிழித்துத் தைத்தவன், கழுத்தில் குழாய் செருகியவன், மருந்து தின்றே உடம்பு சக்கையாகிப் போனவன் என்று பார்த்துத்தான் உள்ளே இறங்கும். விழுந்து கிடப்பவனை மிதிக்கிற பயல்.

மதுரையில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியின் ஐசியுவில் துப்புரவு வேலை பார்த்தேன். வில்லாபுரத்திலிருந்து டவுன் பஸ்ஸில் போய் வருவேன். பத்துக் கட்டில்கள், மூலையில் கதவு போட்ட ஓர் அறை. அந்த அறையில், வேறு ஊர் ஆஸ்பத்திரியிலிருந்து இந்தப் பூஞ்சையோடு வந்து சேர்ந்த ஒரு பெரியவர் இருந்தார். அது ஈஸ்ட் என்று டாக்டர் சொன்னார். சின்ன வயதுக்காரர், எங்களிடமும் நின்று பேசுவார்.

"பேக்கரில போடுவாங்களே, அதா சார்?" என்று கேட்டேன்.

"அந்த வகையறாதான்க்கா. ஆனா இது ரவுடி. கட்டில் கம்பி, மிஷின்னு எங்கயாச்சும் ஒட்டிக்கிட்டு வாரக்கணக்குல உசுரோட கெடக்கும். வாசன லோஷனுக்கெல்லாம் சாகாது. பிளீச்சிங் போட்டுத் தொடைங்க."

அந்த அறைக்கென்று சக்கரம் வைத்த பிபி மிஷின் ஒன்று தனியாக இருந்தது. அதன் தண்டில் சிவப்பு டேப் சுற்றியிருக்கும். அறைச் சாமான் எதுவும் வெளியே வரக்கூடாது என்று கதவில் தாள் ஒட்டியிருந்தது. ஒட்டியவள் நான்தான். எனக்கு வாசிக்கவும் தெரியும்.

நாலாம் கட்டிலில் கொட்டாம்பட்டிப் பக்கத்து விவசாயி ஒருவர் கிடந்தார். குடலில் ஓட்டை விழுந்து ஆபரேஷன் ஆகியிருந்தது. தேறி வந்தார். இன்னும் நாலு நாளில் வார்டுக்கு மாற்றிவிடலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவர் மனைவி வெளியே மாடிப்படியில் உட்கார்ந்திருப்பாள். நான் வாளியோடு வந்தால் எழுந்து நிற்பாள்.

"எக்கா, கஞ்சி குடிச்சாராமா?"

"அரை டம்ளர் குடிச்சாரு. உப்புப் பத்தலன்னு சிஸ்டரை ஏசுறாரு."

"அப்ப பொழச்சுக்கிருவாரு," என்று சிரிப்பாள்.

அந்த வாரம் ஆயுத பூஜை வந்தது. எங்கள் ஊரில் லேத்து மிஷினுக்கும் ஆட்டோவுக்கும் பொட்டு வைக்கிற மாதிரி ஆஸ்பத்திரியிலும் மிஷின்களுக்கு வைப்போம். பொறுப்பு சிஸ்டர் பிபி மிஷின்களை எல்லாம் வாசலில் வரிசையாக நிறுத்தச் சொன்னார். எண்ணிப் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

"மூலை ரூம் மிஷின் எங்க?"

"அது வெளிய வரக்கூடாதுல்ல சிஸ்டர்."

"ஒண்ண மட்டும் விட்டா அதுதான் வருஷம் பூரா மக்கர் பண்ணும். தொடைச்சுத் தள்ளிட்டு வாங்க. சாமி முன்னாடி கிருமியாம்ல."

நாற்றம் அடிக்கிறது என்று பிளீச்சிங் வாளியைப் பூஜைக்காகப் பின்கட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். வாசனை லோஷனால் ஒரு துடைப்பு துடைத்துத் தள்ளிக்கொண்டு வந்தேன். மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். பொரிகடலைப் பொட்டலத்துக்கு ஆசைப்பட்டும் சிஸ்டர் மூஞ்சிக்குப் பயந்தும் சொல்லவில்லை. ஒரே கிண்ணத்துச் சந்தனத்தை ஒரே விரலால் எல்லா மிஷினுக்கும் பூசியவளும் நான்தான். சிவப்பு டேப் சந்தனத்துக்கு அடியில் போய்விட்டது. பூஜை முடிந்ததும் ஆளுக்கொரு மிஷினைத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

மூன்றாம் நாள் நாலாம் கட்டிலுக்குப் பக்கத்தில் துடைத்துக்கொண்டிருந்தேன். காய்ந்த சந்தனம் உதிர்ந்தது. அடியில் சிவப்பு டேப். அந்த மிஷினின் பட்டை அவர் கையில் சுற்றியிருந்தது. அதை அவிழ்த்தேன்.

"என்னக்கா, அதுக்கும் முடியலயா?" என்றார் அவர்.

சிஸ்டரிடம் போய்ச் சொன்னேன். "சத்தம் போடாதீங்க, கமுக்கமா மாத்தி வச்சிருங்க," என்றார். நான் டாக்டரிடம் போனேன். அவர் பஞ்சுக் குச்சியை எடுத்து அந்த ஆளின் அக்குளிலும் தொடை இடுக்கிலும் தடவிப் பரிசோதனைக்கு அனுப்பினார். இருக்கிறது என்று வந்தது. அதற்குள் காய்ச்சல் ஏறிவிட்டது. ரத்தத்திலும் இருந்தது. முதலில் போட்ட மருந்தை அந்தச் சனியன் மதிக்கவே இல்லை. வேறு மருந்தை நரம்பில் ஏற்ற ஆரம்பித்தார்கள். மூலை அறைப் பெரியவர் இறந்துபோயிருந்தார். அறையைக் கழுவி இவரை அங்கே போட்டார்கள். பிழைப்பாரா என்று கேட்டால், இப்போது சொல்ல முடியாது என்றார் டாக்டர்.

ஆஸ்பத்திரி மேனேஜர் மாடிப்படிக்கு வந்து விவசாயியின் மனைவியிடம் பேசியதை நான் கேட்டேன்.

"ஊர்ல மாடு, சாணின்னு பொழங்குறவங்கம்மா நீங்க. அங்கருந்தே வந்திருக்கும்."

"எங்ககிட்ட மாடே கெடையாதே சார்," என்றாள் அவள்.

"மண்ணுலயும் இருக்கும்மா," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார். இஸ்திரி போட்ட சட்டை. அந்தப் பூஞ்சைக்கும் இந்த ஆளுக்கும் ஒரு வித்தியாசமும் எனக்குத் தெரியவில்லை.

அவள் என்னைப் பார்த்தாள். "எக்கா, நம்ம வீட்ல இருந்தா வந்துச்சு? நான் சுத்தமாத்தான வச்சிருந்தேன்."

"ஒன் வீட்ல இருந்து வரல. அந்த ரூம் மிஷின்ல இருந்து வந்துச்சு. பூசைக்கு அத வெளிய தள்ளிட்டு வந்தது நான்தான்."

அவள் கோபப்படவில்லை. எழுந்து நாலு படி மேலே போய் உட்கார்ந்துகொண்டாள். அதற்குப் பிறகு கஞ்சி குடித்தாரா என்று என்னிடம் கேட்கவே இல்லை. நானாகச் சொன்னாலும் சுவரைப் பார்ப்பாள். இரண்டு வாரத்துக்கு மேல் மருந்து ஏறியது. நான் தினமும் மூன்று வேளை அந்த அறையைப் பிளீச்சிங் போட்டுத் தேய்த்தேன். கைத்தோல் உரிந்தது. அதனால் ஒன்றும் கழிந்துவிடவில்லை.

காய்ச்சல் இறங்கியது. ரத்தத்தில் இல்லை என்று வந்தது. தோலில் இன்னும் கொஞ்ச நாள் இருக்கலாம், அடுத்த முறை எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் முதலில் இதைச் சொல்லுங்கள் என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். ஆள் பாதியாகியிருந்தார். சக்கர நாற்காலியில் உட்கார வைத்தார்கள். வழக்கம்போல் நான் பின்னால் போய்ப் பிடியில் கை வைத்தேன்.

"நீங்க தள்ளாதீங்க," என்றாள் அவள்.

கையை எடுத்தேன். என் கை பட்ட இடத்தை முந்தானையால் துடைத்துவிட்டு, அவளே தள்ளிக்கொண்டு போனாள்.