சுவரில் மாட்டிய அண்ணி

என் நடிப்பு வாழ்க்கையைப் பற்றி யாராவது கேட்டால் ‘அண்ணி’ என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவேன். சீரியல்களில் கதாநாயகனுக்கு அண்ணி, கதாநாயகிக்கு அண்ணி. சினிமாவில் கல்யாணக் கூட்டத்தில் தாம்பாளம் ஏந்தி நிற்கும் அண்ணி. சென்னைத் தெருவில் பார்ப்பவர்கள், “உங்கள எங்கயோ பாத்திருக்கேனே, பேங்க்லயா?” என்பார்கள். பற்றிக்கொண்டு வரும். ஆனாலும் அந்த வேலை எனக்கு உயிர்.

போன மழைக்காலத்தில் லீவு சொல்லிவிட்டு, கடல் தாண்டி எங்கள் தீவில், பத்துபஸ்தியில் இருக்கும் அம்மாவைப் பார்க்க வந்தேன். வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது. கப்பல் ரத்து, விமானமும் ரத்து. ஏர்போர்ட் எங்கள் வீட்டுக்குக் கூப்பிடு தூரம்தான்; பக்கத்தில் இருந்து என்ன பிரயோஜனம்? சீரியல் கம்பெனி மானேஜருக்கு போன் செய்தேன். “மழையில மாட்டிக்கிட்டேன்னா யாரும்மா நம்புவா? கதைய நாங்க பாத்துக்கறோம்” என்றார்.

பார்த்துக்கொண்டார்கள். அடுத்த வாரமே அண்ணி விபத்தில் செத்தாள். கதாநாயகன் வீட்டு ஹாலில் என் படம், பிளாஸ்டிக் மாலை, கீழே ஒரு குட்டி விளக்கு. ஆள் வராவிட்டால் சீரியலில் இதுதான் வழக்கம். அதுவும் எந்தப் படம்? நான் முதன்முதலாக மெயின்லேண்ட் கிளம்பியபோது, அம்மா தன் கல்யாணப் பட்டுப்புடவையை எனக்குக் கட்டிவிட்டு, அபர்டீன் பஜார் ஸ்டுடியோவுக்குக் கூடவே வந்து எடுக்கவைத்த படம். வாய்ப்புக் கேட்டு நானே கம்பெனியில் கொடுத்தது.

அம்மா அலறிவிட்டாள். “பந்த் பண்ணு டிவிய! உசுரோட இருக்குற புள்ளைக்கு மாலை போடுறானுங்களே, வெளங்குவானுங்களா?” உப்பும் மிளகாயும் எடுத்து எனக்குச் சுற்றிப் போட்டாள். பக்கத்து வீட்டு வங்காளி தீதிக்குத் தமிழ் தெரியாது, மாலை தெரியுமே. ஓடி வந்து என் கன்னத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் போனாள்.

“இனி அந்தப் பக்கமே போவ வேணாம். இங்கயே ஏதாச்சும் வேலை பாரு” என்றாள் அம்மா. அதற்குப் பிறகு நான் குளிக்கப் போனால்கூட வெளியிலிருந்து குரல் கொடுத்துக்கொண்டே இருந்தாள். அந்தப் பயத்தைப் பார்த்து, பெட்டியைத் தூக்கி பீரோ மேல் வைத்துவிட்டேன். மழை விட்டது, விமானங்கள் தலைக்கு மேலே போயின, நான் போகவில்லை.

பிறகு ஒரு மத்தியானம் மானேஜரே கூப்பிட்டார். “கதையில ஒரு திருப்பம்மா. அண்ணி சாகல. திங்கக்கிழம வந்துருவீங்களா?” அம்மா எதிரே உட்கார்ந்து மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். “யோசிச்சு சொல்றேன் சார்” என்று வைத்துவிட்டேன்.

“என்னவாம்?” என்றாள். சொன்னேன்.

“நீ போவலன்னா?”

“கதைய பழையபடி மாத்திடுவாங்க. அண்ணி செத்தது செத்ததுதான்.”

“அந்த மாலை?”

“அது அப்படியே இருக்கும்மா.”

கத்தியைக் கீழே வைத்தாள். கையைச் சோப்புப் போட்டு நன்றாகக் கழுவினாள். பீரோ மேலிருந்த என் பெட்டியை இறக்கித் தூசி தட்டினாள். தன் கல்யாணப் பட்டுப்புடவையை எடுத்து அதில் முதலில் வைத்தாள்.

“போ. போயி அந்த மாலைய உன் கையாலயே கழட்டிப் போட்டுட்டு வா.”