ரீற்றா அக்கா கத்திய வசனம்

ஞாயிறு பூசை முடிந்து மெல்பேர்ன் டண்டினொங்கில் கோழி வாங்க நின்றபோது கடைக்காரப் பெண் சொன்னாள்: "அக்கா, உங்கட ரீற்றா மோசம் போயிட்டாவாம். விடியவாம் சீவன் போனது." பக்கத்தில் நின்ற அன்ரி ஒருவர், "ஆர், அந்தப் பேய்ப்படக்காரியோ?" என்றார். ஓம், அந்தப் பேய்ப்படக்காரிதான். கோழியை வாங்காமலே வெளியே வந்துவிட்டேன்.

மெல்பேர்னில் வீடியோக் கசெற் ஓடிய அந்தக் காலத்தில் மலிவுப் பேய்ப்படம் எடுக்கும் கூட்டம் ஒன்று இருந்தது. நான் அவர்களுக்கு உடுப்புத் தைத்தேன், ரீற்றா அக்கா நடித்தார். எந்தப் படமானாலும் அவருக்கு ஒரே வேலை. அரைகுறை உடுப்போடு தீவுச் சூனியக்காரியாக வந்து, சாபம் போட்டுவிட்டுச் சாக வேண்டும். வசனமெல்லாம் எழுதித் தரமாட்டார்கள். உன் பாஷையில் எதையாவது கத்து என்பார் டைரக்டர்.

முதல் நாள் நான் ஊசியும் நூலுமாக ஓரத்தில் நிற்கிறேன். கமரா ஓடுகிறது. அக்கா கண்ணை உருட்டி, கையை விரித்துக் கத்தினார்: "யூட்! பேசாலை யூட்! இடது புருவத்தில வெட்டுத் தழும்பு! கண்ட ஆக்கள் மெல்பேர்ன் ரீற்றாவுக்குச் சொல்லுங்கோ!" வெள்ளைக்காரர்கள் கைதட்டினார்கள். விளங்கியது எனக்கு மட்டும்தான். யூட் அவருடைய ஒரே தம்பி. சண்டை நேரம், சொந்த ஊரான பேசாலையிலிருந்து இந்தியாவுக்கென்று தோணி ஏறியவன். கரை சேர்ந்தானா என்று ஒருவருக்கும் தெரியாது.

"உனக்கென்ன விசரா அக்கா?" என்று கேட்டேன்.

"நான் விசாரிக்காத இடமில்லையடி. இந்த வீடியோ பாரிஸ், ரொறொன்ரோ எண்டு எங்கட ஆக்களின்ர கடையெல்லாம் போகுது. ஒரு தமிழன்ர காதிலயாவது விழாதோ?"

விழவில்லை. ஏன் தெரியுமா? பேய்ப்படம் என்று எங்கள் சனம் ஆசையாக எடுத்துக்கொண்டு போனதுதான். அக்கா வரும் இடத்தில் மட்டும், அரைகுறை உடுப்பு, பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று சத்தத்தை நிறுத்தி வேகமாக ஓட்டிவிட்டார்கள். ரொறொன்ரோவிலும் இதே கதைதான் என்று என் மச்சாள் சொன்னாள். அக்கா சொன்னது விளங்கக்கூடிய சனம் காதை மூடிக்கொண்டு மானத்தைக் காப்பாற்றியது. நாசமாய்ப் போன மானம்! மாதா கோவிலில்கூட அவருக்குப் பக்கத்தில் ஒருவரும் இருக்கமாட்டார்கள்.

கடைசிப் படத்தில் புது டைரக்டர், கத்த வேண்டாம், பேசாமல் செத்தால் போதும் என்றார். ஒரு சொல், அந்தப் பெயர் மட்டும் என்று காலில் விழாத குறையாகக் கெஞ்சினார் அக்கா. டைரக்டர் கேட்கவில்லை. அதற்குப் பிறகு நடிக்க ஒருவரும் கூப்பிடவில்லை. அன்று நான் முகப்பூச்சைத் துடைத்துவிட, "இனி எங்கயடி கத்துவன்?" என்று அழுதார்.

செத்தவீட்டுக்கு வந்தவர்களே, நல்ல மனுசி என்று சொல்லிவிட்டுப் போனீர்கள். நடித்ததைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை. அவருடைய சாமான் ஒன்றும் எனக்கு வேண்டாம். அந்தக் கத்தலை மட்டும் நான் வைத்துக்கொள்கிறேன். இந்தமுறையாவது கேளுங்கள். யூட், பேசாலை, இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு. எங்காவது கண்டால், அக்கா கடைசிவரைக்கும் கூப்பிட்டவ என்று சொல்லுங்கோ.