ஏரியோடு என்னையும் மாற்றினார்கள்

மதகு திறக்கிற வேலையில் தண்ணீர் நம்மை 'நீ எந்தத் துறை' என்று கேட்காது, ஆபீஸ்தான் கேட்கும்.

எட்டாவதோடு படிப்பை விட்ட எனக்கு அரசாங்கம் கொடுத்த பெயர் லஸ்கர். ஏரியைக் காவல் பார்த்து, மழைக்கு மதகு திறக்கிற ஆள். துறை மாற்றத்தில் சிக்கி என்னைப் போல் கோர்ட்டுப் படி ஏறியவர்களே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்கள் சிரித்துக்கொள்ளலாம். என்னோடு வேலை பார்த்த செல்வம் சிரித்ததைவிடவா சிரித்துவிடப் போகிறீர்கள்?

ஏரி செய்த குற்றம்

என் ஏரி செம்பாக்கம் பக்கம். கரையில் நடைபாதை போட வேண்டும் என்று அதை வேறொரு துறைக்குக் கொடுத்தார்கள். உத்தரவில் முதலில் ஏரி, பிறகு மதகு, பிறகு தகரக் கொட்டகை, கடைசியாக நான்.

புதுத் துறைக்குப் போனால் சீனியாரிட்டியில் நான் கடைசி ஆள். இங்கேயே இருந்தால் அடுத்த பணி ஆய்வாளர் பதவி எனக்கு. நான் நகர்ந்தால் அது எனக்குப் பின்னால் சேர்ந்த செல்வத்துக்குப் போகும். அவன் பார்த்தது பெரும்பாக்கம் பக்கத்து ஏரி. ஆகாயத்தாமரை மூடிக் கிடந்ததால் அதை யாரும் கேட்கவில்லை. டீக்கடையில் அவனைப் பிடித்து நியாயம் கேட்டேன். கிளாசைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தான்.

"உன் ஏரி சோக்கா கீது, அது உன் தப்பு மச்சான். நான் இன்னா பண்றது?"

எதிரி யார்?

தாம்பரத்தில் ஜெராக்ஸ் கடைக்கு மேலே ஒரு வக்கீல். இரண்டு துறைகளையும் எதிர்த்து ரிட் மனு எழுதினார். செல்வத்தின் பெயரையும் சேர்க்கச் சொன்னேன். "அவர் என்னங்க செஞ்சார்?" என்றார். "சிரிச்சான் சார்" என்றேன். பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"சிரிச்சதுக்கெல்லாம் ரிட் கிடையாதுங்க."

உள்ளபடியே

வழக்கு வந்த அன்று காலையில் பழைய ஆபீசுக்குப் போனேன். கண்காணிப்பாளர் பஷீர் சார் நல்ல மனிதர். "உன்னை விடுவிக்கிற பேப்பர்ல இன்னிக்கே நான் கையெழுத்துப் போடல, ரெண்டு நாள் தள்ளிப் போடறேன்" என்றார். நான் விடவில்லை. எனக்கு நடந்த அநியாயத்தை ஜட்ஜ் கண்ணால் பார்க்க வேண்டாமா? மேசையைத் தட்டி, கத்தி, பேப்பரை வாங்கிக்கொண்டுதான் ரயில் ஏறினேன்.

இப்போது உள்ள நிலையே தொடர வேண்டும் என்று கோர்ட்டு சொன்னது. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்து மறுநாள் ஆபீசில் மைசூர்பாகு கொடுத்தேன். பஷீர் சார் ஒரு துண்டை வாயில் போட்டுக்கொண்டே விளக்கினார். இங்கே விடுவித்தாயிற்று. அங்கே நான் சேரவில்லை. ஆக, இரண்டு இடத்திலும் வருகைப் பதிவேட்டில் எனக்குக் கையெழுத்துக் கிடையாது.

"இப்ப உள்ள நிலைன்னா, நீ வூட்ல குந்திகினு இருக்கற நிலைதாம்பா."

மழை

ஐப்பசி மழை கொட்டியது. நானில்லாமல் மதகைத் திறக்க முடியாமல் இரண்டு துறையும் திண்டாடும், எனக்கு ஆள் அனுப்புவார்கள் என்று வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு காத்திருந்தேன். ஒருவரும் வரவில்லை. பொறுக்காமல் குடையோடு நானே போனேன். புதிதாக மோட்டார் வைத்திருந்தார்கள். ஒப்பந்த ஆள் ஒருவன் ஒரு கையில் பஜ்ஜியோடு, மறு கையால் பொத்தானை அமுக்கினான். மதகு ஏறிவிட்டது. நான் இடுப்பில் கை வைத்து முறைத்துக்கொண்டு நின்றேன்.

"வாக்கிங்கா சார்? மழைல இந்தப் பக்கம் வழுக்கும், அப்டி ஓரமாப் போங்க."

தீர்ப்பு

கடைசியில் ஜெயித்தேன். என் விருப்பத்தைக் கேட்காமல் மாற்றியது செல்லாது. பழைய துறை, பழைய சீனியாரிட்டி எனக்கே. ஆனால் நான் வீட்டில் உட்கார்ந்திருந்த காலத்தில் அந்தப் பணி ஆய்வாளர் பதவியைச் செல்வத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். அவனைப் பதவியிலிருந்து இறக்க வேண்டும் என்று கோர்ட்டு சொல்லவில்லை. அடுத்த பதவி காலியாவதற்குள் எனக்கு ஓய்வு வந்துவிடும். என் ஏரியோ நடைபாதையோடு புதுத் துறைக்குப் போய்விட்டது. பழைய துறையில் காலியாக இருந்த ஒரே இடம் செல்வம் விட்டுப்போன ஏரிதான். அவன் மேற்பார்வை, நான் லஸ்கர்.

முதல் நாள் தீர்ப்பின் நகலைப் பைக்குள் வைத்துக்கொண்டு, வேண்டுமென்றே தாமதமாகப் போனேன். செல்வம் எழுந்து நின்று நாற்காலியை இழுத்துப் போட்டான். கடிகாரத்தையும் ஒரு பார்வை பார்த்தான்.

"சீனியர்ன்ற மரியாதைக்குத்தான் சொல்றேன் மச்சான், நாளைலேர்ந்து கரெக்டா டைமுக்கு வந்துடு."

பேசாமல் புதுத் துறைக்குப் போயிருந்தால் செல்வத்தின் முகத்தையே பார்க்காமல் ஓய்வு வரை ஓட்டியிருக்கலாம். அவனிடம் வேலை பார்க்கும் உரிமையைக் கோர்ட்டு வரை போய்ப் போராடி வாங்கிவந்தவன் நான்.