இருபத்தேழாம் சத்தம்

நம்பினால் நம்புங்கள், இது என் மருமகளுக்கு நிஜமாகவே நடந்தது. பழைய கேம் மெஷினுக்குள் சத்தம் எழுப்பும் சிப் இருக்குமே, அது போடும் ஒவ்வொரு சத்தத்தையும் கம்ப்யூட்டரில் அப்படியே வரவைப்பதுதான் அவள் வேலை. துளி பிசகினாலும் பிடித்துவிடுவாள். ஆபீசில் அவள் பெயரே ‘காது’தான்.

அன்று வெள்ளிக்கிழமை சாயங்காலம். அடுத்த மூன்று நாள் லீவு. வெளிச்சத்தம் நுழையாத ரெக்கார்டிங் அறைக்குள் போகுமுன், வழக்கம்போல போனையும் வளையல்களையும் ஆபீஸ் எலக்ட்ரீஷியன் வயர் அண்ணன் மேஜையில் வைத்தாள். ஆபீசைப் பூட்டுவதும் அவர்தான். போன் பக்கத்தில் இருந்தால் மைக் கொரகொரக்கும். வளையல் கேட்கவே வேண்டாம்.

“காது, ஆறு மணிக்குப் பூட்டிடுவேன். உள்ளயே குடித்தனம் பண்ணிடாத!”

“ஒரே ஒரு சத்தம்தாண்ணே பாக்கி.”

அது இருபத்தேழாம் நம்பர். அசல் சிப்பில் அந்த நம்பரைக் கொடுத்தால் சத்தமே வராது. அதே நம்பரைத் தான் எழுதிய புரோகிராமில் கொடுத்தாள்.

டொக்... டொக்... டொக்...

யாரோ கதவைத் தட்டுவதுபோல. ஒவ்வொரு தட்டோடும் கிணுங்... கிணுங்... என்று வளையல்.

எங்கேயோ தப்புப் பண்ணிவிட்டோம் என்று புரோகிராமை நிறுத்தினாள். தட்டல் நிற்கவில்லை. ஸ்பீக்கரை அணைத்தாள். நிற்கவில்லை. அண்ணனைக் கூப்பிடக் கதவுக்கு ஓடினாள். கைப்பிடி சும்மா சுழன்றது. கதவு அசையவில்லை.

மணி ஐந்து ஐம்பது.

“அண்ணே! அண்ணே!” கை சிவக்க அடித்தாள். பஞ்சு வைத்த சுவர்கள் குரலை விழுங்கின. ஜன்னல் கிடையாது. மூன்று நாள்... காற்று?

கை ஓய்ந்து பின்வாங்கினாள்.

டொக்...

சத்தம் இப்போது கதவிலிருந்தே வந்தது. உள்பக்கமாக. அவள் கண்ணெதிரே. அங்கே யாருமில்லை.

டொக்... கிணுங்...

மூச்சை அடக்கிக்கொண்டாள்.

கிணுங்...

கதவு திறந்தது; வெளியே வயர் அண்ணன். சில்லென்று ஏதோ ஒன்று அவளுக்கு முன்னால் வெளியே போனது.

“ஏம்மா இந்த இடி இடிக்கிற? பூட்டப் போனவன் திரும்பி ஓடி வர்றேன்!”



செவ்வாய்க்கிழமை புரோகிராமில் மறுபடி இருபத்தேழு போட்டாள். அசலைப் போலவே அமைதி. அவள் ஓர் எழுத்தைக்கூட மாற்றியிருக்கவில்லை.

கைப்பிடியைச் சரிசெய்த வயர் அண்ணனை உள்ளே விட்டு, கதவைச் சாத்தி, தட்டச் சொன்னாள். வெளியே நின்று காதைத் தீட்டினாள். ஒன்றும் கேட்கவில்லை.

“சுத்தியலாலயே அடிச்சேனே, கேக்கல?”

“இல்லண்ணே.”

அண்ணன் தன் மேஜையைப் பார்த்தார். முகம் வெளுத்தது.

“அன்னிக்கு உன் வளையல் இங்கதானம்மா இருந்துச்சு... அப்ப தட்டுற சத்தத்தோட எனக்குக் கேட்டது யாரோட வளையல்?”